இருட்டுக்கு இத்தனை லைட்டா?

போன மாசியில் செங்கல்பட்டு தாண்டி ஒரு தோப்பு வீட்டில் ராத்திரி ஷூட்டிங். ஓ.டி.டி. தொடர். காட்சி ஒன்றும் பெரிதில்லை: ஒரு பெண், ஒரு அரிக்கேன் விளக்கு, ஒரு கடிதம். பிரிப்பாள், படிப்பாள், திரியைத் தணிப்பாள். முக்கால் பக்கம் வராத இந்தக் காட்சிக்கு இரண்டு லாரி நிறையச் சாமான் வந்து இறங்கியது. கூரையில் நாலு வரிசை ஓட்டைப் பிரித்து, அந்த வழியாகப் பெரிய வெள்ளைத் துணிப்பெட்டி ஒன்றைத் தொங்கவிட்டார்கள். உள்ளே எல்.ஈ.டி. பேனல்கள். தோப்புக்கு அந்தப் பக்கம் கிரேன் உச்சியில் ஒரு நிலா. அது போதாதென்று ஜன்னலுக்கு வெளியே இன்னொரு அரை நிலா. அரிக்கேனில் திரியும் கிடையாது, மண்ணெண்ணெயும் கிடையாது. சுடர் வடிவத்தில் ஒரு குட்டி பல்பு. காற்றுக்கு நடுங்குகிற மாதிரி அது நடுங்க வேண்டும் என்பதற்காக, முற்றத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்து ஐபேடைத் தடவிக்கொண்டிருந்தான் ஒரு பையன். காற்று நிஜமாகவே வீசிக்கொண்டுதான் இருந்தது. அது கண்டின்யுட்டியில் உதைக்கும் என்று வாசல் பக்கத்தைத் தார்ப்பாய் போட்டு அடைத்திருந்தார்கள்.

மானிட்டரில் பார்த்தேன். கன்னங்கரேலென்று இருட்டு. நடுவில் ஒரு முகம், அதுவும் பாதி.

பக்கத்தில் ஒரு பெருமூச்சு கேட்டது. எங்கள் பழைய லைட்மேன் அண்ணன். வயது எழுபதைத் தொட்டுவிட்டது, இப்போது ஏணி ஏறுவதில்லை. யூனிட்டோடு வந்து, சின்னப் பையன்கள் கேபிள் சுருட்டுகிற லட்சணத்தைப் பார்த்து வருத்தப்படுவது மட்டும்தான் வேலை.

"ஏன் தம்பி, இருட்டுக்கு இத்தனை லைட்டா?" என்றார்.

நான் பதில் சொல்லவில்லை. இதே காட்சியை நானும் அவரும் ஏற்கெனவே ஒருமுறை எடுத்துவிட்டோம். 1988-ல்.

அது விளாத்திகுளம் பக்கம் ஒரு கரிசல் கிராமம். இயக்குநர் வங்கிக் குமாஸ்தா. சம்பளமில்லா விடுப்பில் வந்திருந்தார். முதலீடு அவருடைய பி.எஃப். கடன், மனைவியின் எட்டுப் பவுன், ஏழு நண்பர்கள். எனக்கு வயது 26. காமிராமேன் நான்தான், ஃபோகஸ் புல்லர் நான்தான், மேகசினில் ஃபிலிம் ஏற்றி இறக்குகிற அசிஸ்டெண்டும் நான்தான். ஜெனரேட்டர் வந்திருந்தது, டீசல்தான் வரவில்லை. மூன்றாம் நாளிலிருந்து சாயங்காலம் ஆறு மணிக்குமேல் அதை ஓட்டுவதில்லை என்று முடிவாயிற்று. ராத்திரிக் காட்சிகளை அதற்கப்புறம்தானே எடுத்தாக வேண்டும் என்று கேட்டேன். "அதுக்குத்தானப்பா உன்னைக் கூட்டிட்டு வந்தது" என்றார் இயக்குநர்.

கையிலிருந்தது கோடக் 5294 ஃபிலிம், 400 ஏ.எஸ்.ஏ. லேபில் ஒரு ஸ்டாப் கூட்டிக் கழுவச் சொன்னால் 800 ஆகும்; கூடவே ரவை தூவினாற்போல் கிரெய்னும் வரும். வேறொரு படத்தில் வேலை பார்த்த நண்பன் இரண்டு ராத்திரிக்கு இரவல் தந்த ஜெய்ஸ் லென்ஸ் ஒன்று, 50 எம்.எம்., டி 1.3. அதை முழுசாகத் திறந்து, நாலடித் தூரத்தில் ஆளை உட்காரவைத்தால் கூர்மையாக விழுவது ஒன்றரை அங்குலம். கண் கூர்மை என்றால் காது மங்கல். அந்தப் பெண் அசையக் கூடாது என்று முதுகுக்கு ஒரு மூட்டையை அண்டக்கொடுத்தோம். அது மிளகாய் வத்தல் மூட்டை என்பது முதல் டேக்கில் அவள் தும்மியபோதுதான் தெரிந்தது. தும்மலுக்குப் போனது முப்பதடி.

அரிக்கேன் கண்ணாடியில் காமிராவைப் பார்த்த பக்கத்தில் மட்டும் லேசாகக் கரி ஏற்றினோம், சுடர் வெளுத்துப்போகாமல் இருக்க. அவள் முகத்தைப் பார்த்த பக்கத்தைச் சாம்பல் போட்டுத் துடைத்தோம். அதோடு முடிந்திருக்கும். ஆனால் அவளுக்குப் பின்னால் கயிற்றுக் கட்டிலில் பாட்டி படுத்திருக்க வேண்டும். பாட்டி விழித்துக்கொள்வாளோ என்ற பயத்தில்தான் அந்தப் பெண் திரியைத் தணிக்கிறாள். பாட்டி இல்லாவிட்டால் அது காட்சியே இல்லை, மண்ணெண்ணெய் சிக்கனம். அண்ணன் ஊர் முழுக்க அலைந்து ஒரு பெட்ரோமாக்ஸ் கொண்டுவந்தார். அதன் வெளிச்சம் பாலாக வெளுத்திருந்தது, அரிக்கேனோடு ஒட்டவில்லை. மல் துணியை டீ டிகாஷனில் முக்கி, காயவைத்து, பெட்ரோமாக்ஸுக்கு முன்னால் கட்டினார். வெள்ளை மஞ்சளாயிற்று. அப்புறம் அதை ஜன்னலுக்கு வெளியே இப்படியும் அப்படியும் நகர்த்தி, கிழவியின் கன்ன எலும்பில் ஒரு கோடு வெளிச்சம் விழவைக்க ஒரு மணி நேரம் ஆனது. மங்கலாகத்தான் தெரியும். ஆனாலும் அங்கே ஓர் ஆள் கிடக்கிறாள் என்பது தெரியும்.

பாட்டி நடிகை அல்ல, அந்த வீட்டுக்காரம்மாள்தான். அவளுடைய கட்டிலில் அவள் வழக்கம்போலத் தூங்கிவிட்டாள். குறட்டை விட்டிருப்பாள். எங்கள் ஆரி 2சி காமிரா ஓடுகிற சத்தத்தில் எதுவும் கேட்கவில்லை. கேட்டாலும் பாதகமில்லை, எல்லாம் பிற்பாடு டப்பிங்தானே.

நான் சினிமாவுக்கு வந்தது கோவில்பட்டியில் ஒரு போட்டோ ஸ்டுடியோ வழியாக. பெண் பார்க்க அனுப்புகிற படம்தான் அங்கே பிரதான வியாபாரம். முதலாளி எனக்குக் கற்றுக்கொடுத்த முதல் பாடம், மூக்குக்குக் கீழே நிழல் விழுந்தால் கல்யாணம் நடக்காது. இரண்டாவது பாடம், பென்சிலைக் கூராகச் சீவி நெகட்டிவில் டச்சிங் செய்வது: மருவை எடு, அம்மைத் தழும்பை எடு, கண்ணுக்குக் கீழே கருப்பை எடு. மூன்று வருடம் நிழலை அழித்துப் பிழைத்தவன், அடுத்த முப்பத்தைந்து வருடம் நிழல் போட்டுப் பிழைக்கிறேன். முதலாளி இருந்திருந்தால் என் படங்களைப் பார்த்து, இதில் ஒருத்திக்கும் கல்யாணம் ஆகாதே என்றுதான் சொல்லியிருப்பார்.

ஃபிலிம் கணக்கைச் சொன்னால் இன்றைய பிள்ளைகள் நம்புவதில்லை. 35 எம்.எம். என்றால் நிமிடத்துக்கு 90 அடி. 400 அடி ரோல் 4 நிமிடம் 26 நொடி. முழு ரோல்கள் வாங்க எங்களுக்கு வக்கில்லை. பெரிய படங்களில் மிச்சமாகிற துண்டுகளைத்தான் வாங்கினோம். நூறடி, நூற்றிருபதடி. ‘பிட்டு’ என்போம். பிட்டு வைத்துப் படம் எடுக்கிறோம் என்று ஊரில் போய்ச் சொன்னால் வேறு அர்த்தமாகிவிடும் என்பதால் வீட்டில் சொன்னதில்லை. வெகுகாலம் கழித்துத்தான் படித்தேன்: 1960-ல் வந்த கோதாரின் ‘பிரெத்லெஸ்’ படத்துக்கு ஒளிப்பதிவாளர் ராவுல் கூத்தார், ஸ்டில் காமிராவுக்கென்று பதினேழரை மீட்டர் சுருளாக விற்ற இல்ஃபோர்ட் ஃபிலிமை வாங்கி, ஒட்டவைத்து, சினிமா காமிராவில் ஓட்டினார் என்று. டிராலிக்குப் பதில் சக்கர நாற்காலி. கோதார் தள்ள, இவர் அதில் உட்கார்ந்து எடுத்தார். அங்கே அது புதிய அலை. எங்கள் ஊரில் அதற்குப் பெயர் காசில்லை.

காமிரா ஓடத் தொடங்கினால் எங்கள் இயக்குநர் மூச்சுவிட மாட்டார். அது ஓடுகிற சத்தம் அவர் காதில் டாக்ஸி மீட்டர். எட்டு ஒத்திகை, ஒரு டேக். நடிகர்களுக்குத் தூக்கத்திலும் வசனம் வந்தது. இந்தத் தொடரில் என்ன நடந்தது தெரியுமா? ஒருநாள் ‘கட்’ சொல்ல மறந்து எல்லோரும் டீ குடிக்கப் போய்விட்டோம். ஒரு நாற்காலியின் கால் 38 நிமிடம் பதிவாகியிருந்தது. எடிட்டர் அதிலிருந்து எட்டு நொடி எடுத்து முதல் எபிசோடில் வைத்திருக்கிறார். ரொம்ப நன்றாக இருக்கிறதாம்.

கரிசல் மண்ணைப் பற்றி ஒரு வார்த்தை. திருச்செந்தூர் கடற்கரையில் படம் எடுத்தால் பாதி லைட்மேன் வேலையை மணலே செய்துவிடும். வெயில் கீழேயிருந்து திரும்பி வந்து முகத்தை நிரப்பும். கரிசல் வாங்கினதைத் திருப்பித் தராது. உச்சி வெயிலில் நிற்கிறவனுக்கு நெற்றி வெளுத்து, கண் இருக்கிற இடத்தில் இரண்டு குழிதான் தெரியும். நிரப்புவதற்குத் தெர்மோகோல் பலகை வேண்டும். நாங்கள் கொண்டுபோன நாலு பலகையும் பஸ் கூரையிலேயே உடைந்துபோயின. அந்த வீட்டுப் பெரியவரிடம் இரண்டு எட்டு முழ வேட்டி கேட்டேன். கொடியில் கட்டி, வெயிலை அதில் வாங்கி, முகத்துக்கு விட்டோம். என்ன அருமையான ஒளி! எங்கிருந்து வருகிறதென்றே தெரியாது, ஆனால் கண் திறந்துகொள்ளும்.

நான்தான் கண்டுபிடித்தேன் என்று ஆறு மாதம் நினைத்துக்கொண்டிருந்தேன். அப்புறம் ஒரு ஃபிலிம் சொசைட்டியில் ‘அபராஜிதோ’ பார்த்தபோது பக்கத்திலிருந்தவர் சொன்னார். 1956-லேயே அதன் ஒளிப்பதிவாளர் சுப்ரத மித்ரா அதைச் செய்துவிட்டார். காசி வீட்டு முற்றத்தைக் கல்கத்தா ஸ்டுடியோவுக்குள் செட் போட வேண்டிவந்தது. மழைக்காலம் நெருங்குகிற பயம். திறந்த முற்றத்தில் நிழலில்லாமல் இறங்குகிற ஆகாய வெளிச்சம் ஸ்டுடியோவில் ஏது? மேலே வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, விளக்குகளைத் துணியில் அடித்து, திரும்பி விழுவதில் எடுத்தார். முதல் படமான ‘பதேர் பாஞ்சாலி’க்கு அவர் வந்தபோது வயது 21. அதற்கு முன்னால் சினிமா காமிராவைக் கையாண்டதே கிடையாது. ஆனால் ஒரு வித்தியாசம். அவருடைய துணியில் நீலம் போட்டிருக்கவில்லை.

எங்கள் பெரியவர் வேட்டியை நீலம் முக்கித்தான் கட்டுவார், அதுவும் கை கொஞ்சம் தாராளம். ரஷ் பார்த்தபோது எல்லோருடைய கன்னத்திலும் நிழல் பக்கம் லேசாக நீலம் ஏறியிருந்தது. லேபில் கிரேடிங் பார்க்கிறவர், "என்ன தம்பி, ஊர்ல எல்லாருக்கும் மூச்சுத் திணறலா?" என்று கேட்டார். சரிசெய்யப் பார்த்தார், முழுக்கப் போகவில்லை. இந்தத் தொடரின் இயக்குநர், தங்கமான பையன், முதல் சந்திப்பிலேயே என்னிடம் சொன்னது: "உங்க நிழல்ல ஒரு நீலம் இருக்கும் சார். அந்த மெலன்கலி வேற யார்கிட்டயும் இல்ல. அதுதான் எனக்கு வேணும்." சொட்டு நீலம் இப்போதும் எந்தக் கடையிலும் கிடைக்கும் என்று நாக்கு நுனி வரை வந்தது. சம்பளம் பேசி முடித்திருக்கவில்லை, விழுங்கிவிட்டேன்.

அசையாத ஃப்ரேம் விஷயத்தில் நான் இதைவிட மோசமாக நடந்துகொண்டேன். எங்கள் டிரைபாட் தலையில் கிரீஸ் இறுகிப்போயிருந்தது. இடமிருந்து வலம் திருப்பினால் மூன்று இடத்தில் நொண்டும். அதனால் திருப்புவதில்லை. டிராலிக்கு வாடகை இல்லை, அதனால் நகர்த்துவதில்லை. ஆள் ஃப்ரேமுக்குள் வருவார், பேசுவார், போவார். காலி வாசலை ஐந்து நொடி விட்டுவைப்போம். அந்த ஐந்து நொடிகூட, எடிட்டிங்கில் ஒட்டுவதற்கு வேறு ஷாட் இல்லாததால் விட்டது. ஒரு திரையிடலில் கண்ணாடி போட்ட பேராசிரியர் ஒருவர் எழுந்து, "உங்கள் காமிரா அசைய மறுப்பதில் ஒரு துறவு தெரிகிறது, ஓசுவின் பாதிப்பு என்று கொள்ளலாமா?" என்றார். நான் அதுவரை ஜப்பானிய இயக்குநர் ஓசுவைக் கேள்விப்பட்டதில்லை. கொஞ்சம் யோசிக்கிற பாவனை செய்து, "கொள்ளலாம்" என்றேன். அதற்குப் பிறகுதான் தேடிப்போய்ப் பார்த்தேன்: தரையிலிருந்து முழங்கால் உயரத்தில் காமிரா, கடைசி வரை அதே 50 எம்.எம். லென்ஸ், கடைசிப் படங்களில் காமிரா அசைவதே இல்லை. அவர் டிரைபாடுக்குக் கிரீஸ் குறைவு என்று யாரும் சொல்ல முடியாது. அடுத்த படத்துக்கு நல்ல டிரைபாட் கிடைத்தும் நான் பேன் பண்ணவில்லை. பேர் வந்துவிட்டதே.

அந்த 1988-லேயே பாலு மகேந்திராவின் ‘வீடு’ வந்தது. ஜன்னல் வெளிச்சத்திலேயே ஒரு குடும்பம் முழுக்க வாழ்கிற படம். அதற்கப்புறம் கோடம்பாக்கத்தில் விளக்கு வாடகை கொடுக்க முடியாத ஒவ்வொரு தயாரிப்பாளரும் "பாலு மகேந்திரா மாதிரி பண்ணிரலாம் சார்" என்று சொல்ல ஆரம்பித்தார்கள். பூனாவில் படித்து, ‘மூன்றாம் பிறை’க்குத் தேசிய விருது வாங்கி, எந்த விளக்கும் கேட்ட மாத்திரத்தில் வந்து நிற்கிற நிலையில் இருந்துகொண்டு வேண்டாம் என்றவர் அவர். நாங்கள் இல்லாததை வேண்டாம் என்றவர்கள். திரையில் வித்தியாசம் தெரிந்தது. என் ஜன்னல் காட்சிகள் பலதில் ஜன்னல் மட்டும்தான் தெரியும்.

லேபுக்காரரோடு ஒரு யுத்தமும் நடந்தது. எங்கள் அரிக்கேன் காட்சியை அவர் முதல் பிரிண்டில் தூக்கிவிட்டிருந்தார். பிரிண்டர் லைட் ஒன்று முதல் ஐம்பது வரை. ஷாட்டுக்கு ஷாட் எண்களை மாற்றி, ராத்திரியைச் சாயங்காலம் நாலு மணியாக்கியிருந்தார். அந்தப் பெண் டியூப் லைட்டுக்குக் கீழே உட்கார்ந்து, எதற்கோ அரிக்கேனையும் ஏற்றிவைத்திருந்தாள். சண்டைக்குப் போனேன். அவர் நிதானமாகச் சொன்னார்: "தம்பி, பல தியேட்டர்ல கார்பன் மிச்சம் பிடிக்க வெளிச்சத்தைக் குறைச்சுத்தான் ஓட்டுவான். நீ கேக்கிற மாதிரி நான் போட்டா, அங்க ஜனம் ரேடியோ நாடகம்தான் கேக்கும்." அவர் சொன்னது சத்தியம். ஆனாலும் 26 வயதில் சத்தியத்துக்கு என்ன மதிப்பு? எண்களைத் திரும்ப இறக்கவைத்தேன். 2019-ல் ‘கேம் ஆஃப் த்ரோன்ஸ்’ தொடரின் பெரிய ராத்திரிப் போர் எபிசோடில் ஒன்றுமே தெரியவில்லை என்று உலகம் முழுக்க ஜனம் கத்தியபோது, அதன் ஒளிப்பதிவாளர் பார்க்கிறவர்கள் டி.வி.யைச் சரியாக வைத்துக்கொள்ள வேண்டும் என்கிற மாதிரி பதில் சொன்னார். எனக்கு அந்த லேபுக்காரர் ஞாபகம்தான் வந்தது.

நடுவில் முப்பது வருடத்தை வேகமாகக் கடந்துவிடுகிறேன், அதில் பார்க்க ஒன்றும் இல்லை. ஆர்ட் படக் காமிராமேன் என்று பெயர் வந்தால் இரண்டு விஷயம் உறுதி: சம்பளம் குறைவு, வேலையும் குறைவு. கமர்ஷியல் கம்பெனிகளில் "அவன் வேண்டாம்ப்பா, ஹீரோயினைக் கறுப்பாக்கிருவான்" என்றார்கள். கறுப்பாக இருந்த பெண்ணைக் கறுப்பாக எடுத்தது என் குற்றம். கல்யாண வீடியோ எடுத்தேன். ஆயிரம் வாட் விளக்கைத் தாலி கட்டுகிற நேரத்தில் மாப்பிள்ளை முகத்தில் நேராக அடித்தேன், மூக்குக்குக் கீழே நிழலே விழாது, முதலாளி சந்தோஷப்பட்டிருப்பார். டாக்குமென்டரி எடுத்தேன். டிஜிட்டல் வீடியோ காமிரா வந்தது. 2008-ல் கேனான் 5டி மார்க் 2 வந்தது, சின்ன ஸ்டில் காமிரா, ஒரு ஷாட் பன்னிரண்டு நிமிடம் ஓடும். பையன்கள் அதை வைத்துச் சினிமாவே எடுத்தார்கள். 2010-ல் அலெக்சா என்ற டிஜிட்டல் சினிமா காமிரா. 2012 ஜனவரியில் கோடக் மஞ்சள் கடிதாசு கொடுத்துவிட்டது என்று பேப்பரில் வந்தது. அடுத்த வருடம் ஃபியூஜி சினிமா ஃபிலிம் செய்வதையே நிறுத்தியது. என் நெகட்டிவை வைத்திருந்த லேபும் மூடியாயிற்று; டப்பாக்கள் எங்கே போயின என்று யாருக்கும் தெரியவில்லை. இதற்கிடையில் மணிகண்டன் ‘காக்கா முட்டை’யைத் தானே இயக்கித் தானே ஒளிப்பதிவும் செய்தார். செழியன் ‘டு லெட்’ எடுத்துத் தேசிய விருது வாங்கினார். 2021-ல் ‘கூழாங்கல்’ ராட்டர்டாம் போய் டைகர் விருதோடு வந்தது. வெயிலை வெயிலாகவே விட்ட படம் அது. நான் வேட்டி தேடி அலைந்த அதே மாதிரி உச்சி வெயில். அந்தப் பிள்ளைகள் எதையும் நிரப்பவில்லை, கண்ணுக்குக் குழி விழுந்தால் விழட்டும் என்று விட்டிருக்கிறார்கள். பார்த்துவிட்டு இரண்டு நாள் பொறாமையாக இருந்தது.

இனி ஒரு முடியின் கதை. டேக் ஓகே ஆனதும் லென்ஸைக் கழற்றி, டார்ச் அடித்து, காமிராவின் கேட்டைப் பார்க்க வேண்டும். ஃபிலிம் ஓடுகிறபோது உரசி, அதிலிருந்தே ஒரு நூல் சிலும்பு உரிந்து ஓரத்தில் ஒட்டிக்கொள்ளும். அதைத்தான் முடி என்போம். திரையில் அது தென்னை ஓலை அளவுக்கு ஆடும். எங்கள் கரிசல் படம் வறட்சியைப் பற்றியது. கதை மழையில் முடிய வேண்டும். மழைக்காகப் பதினேழு நாள் காத்திருந்தோம். பதினெட்டாம் நாள் மத்தியானம் கரிசல் வாசனை எழும்பி, அரை மணி நேரம் கொட்டியது. அந்தப் பெண் ஓடினாள், மாடு ஓடியது, பிள்ளைகள் ஓடின, யாருக்கும் நடிக்கச் சொல்ல வேண்டியிருக்கவில்லை. காமிராவுக்குக் குடை பிடித்தபடி மூன்று பிட்டையும் தீர்த்தேன். கேட் பார்க்கவில்லை. ஒன்பது நாள் கழித்துச் சென்னையில் ரஷ் ஓடியபோது, வலது கீழ் மூலையில் ஒரு முடி, மழைக்கு மகிழ்ந்து ஆடியது. மூன்று பிட்டிலும். இயக்குநர் ஒன்றும் சொல்லவில்லை. ஒரு வாரம் ஒன்றுமே சொல்லவில்லை. அப்புறம் படத்தை மழைக்கு முன்னாலேயே முடித்துவிட்டார். ஒரு சிறுபத்திரிகையில், மழையைக் காட்டாமல் முடித்த துணிச்சலைப் பாராட்டி ஒன்றரைப் பக்கம் எழுதினார்கள். அதை அவர் வெட்டிப் பர்ஸில் வைத்திருந்தார். எனக்குக் காட்டியதில்லை.

இந்தத் தொடரின் ஷூட்டிங்குக்கு முன்னால் லுக் டெஸ்டுக்காக, நிறம் திருத்துகிற டி.ஐ. ஸ்டுடியோவுக்குப் போனோம். கலரிஸ்ட் பெண்ணுக்கு வயது 27 இருக்கலாம். கை வேகம் பிரமாதம், கண்ணும் நல்ல கண். கோடக் 2383 பிரிண்டின் சாயலை ஒரே தட்டில் கொண்டுவந்தாள். "கிரெய்ன் எவ்வளவு சார்?" என்று கேட்டுச் சிட்டிகை சிட்டிகையாகத் தூவினாள். நாங்கள் எந்த ரவையைக் குறைக்கத் தலைகீழாக நின்றோமோ, அதே ரவை. ஃப்ரேம் லேசாகத் தள்ளாடவும் ஒரு பட்டன் இருந்தது. பிறகு ‘ஃபிலிம் டேமேஜ்’ என்று ஒரு பட்டியலைத் திறந்தாள். தூசி, கீறல், அழுக்கு.

"ஹேர் வைக்கலாமா சார்? லைட்டா ஒண்ணு. ஆர்கானிக்கா இருக்கும்."

நான் பேசவில்லை.

"எந்தப் பக்கம் வேணும்?"

"வலது பக்கம் கீழே" என்றேன். வைத்தாள். எழுந்துபோய் ஒரு காபி குடித்துவிட்டு வந்தேன். அதற்குள் இயக்குநர் பையன், டூ மச்சாக இருக்கிறது என்று எடுக்கச் சொல்லிவிட்டிருந்தான். ஒரு தட்டில் போய்விட்டது.

அன்றைக்குத்தான் அவன் தன் ரெஃபரன்ஸைப் போட்டுக் காட்டினான். என் அரிக்கேன் காட்சி. நாங்கள் படம் எடுத்த ஓரிரு வருடத்தில் தூர்தர்ஷனில் ஞாயிறு மத்தியானம் மாநில மொழிப் படங்கள் வரிசையில் அது ஒளிபரப்பானது. யாரோ புண்ணியவான் வீட்டில் வி.எச்.எஸ்.ஸில் பதிந்து, அது கை மாறி, காப்பிக்குக் காப்பியாகி, யூடியூப் வந்து சேர்ந்திருக்கிறது. மேலே மூலையில் சக்கரம். கீழே பாதி அறுந்த இங்கிலீஷ் சப்டைட்டில். முகம் ஒரு பக்கம் ஆரஞ்சாக வழிந்து நின்றது. மற்றதெல்லாம் தார்.

"பாருங்க சார்" என்றான் அவன். குரலில் உண்மையான மரியாதை. "பின்னாடி டோட்டலா பிளாக். ஒண்ணுமே வைக்கலை நீங்க. அந்தக் காலத்துல யாருக்கு சார் இந்த தைரியம் இருந்துச்சு? அவ உலகத்துல அவளைத் தவிர யாருமே இல்லைன்னு ஒரே ஃப்ரேம்ல சொல்லிட்டீங்க."

திரையில் வலது பக்கம், கட்டில் இருக்க வேண்டிய இடத்தை உற்றுப் பார்த்தேன். டிகாஷன் துணி, பெட்ரோமாக்ஸ், ஒரு மணி நேரம், கன்ன எலும்பு. டேப் எதையும் மிச்சம் வைக்கவில்லை. அந்தப் பெண் யாருமில்லாத வீட்டில் யாருக்கோ பயந்து திரியைத் தணித்தாள்.

அவனிடம் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. துறவு என்று ஒருவர் சொன்னபோது ‘கொள்ளலாம்’ என்றவன்தானே நான். ஆனால் தோப்பு வீட்டு ஷூட்டிங்குக்கு முதல் நாள் புரொடக்‌ஷன் மேனேஜரைத் தனியாகக் கூப்பிட்டு, ஒரு கயிற்றுக் கட்டிலும் ஒரு வயதான அம்மாவும் வேண்டும் என்றேன்.

"எங்க சார் வர்றாங்க அந்தம்மா?"

"பின்னாடி. இருட்டுல."

"மானிட்டர்ல தெரிவாங்களா?"

"தெரியமாட்டாங்க."

அவர் என்னை ஒருமுறை மேலும் கீழும் பார்த்தார். "தெரியாத ஆளுக்கு எதுக்கு சார் பேட்டா?" கடைசியில் என் கணக்கில் எழுதிக்கொண்டு, பக்கத்து ஊரிலிருந்து ஒரு அம்மாவைக் கூட்டிவந்தார். எழுபத்தைந்துக்குக் குறையாது. கட்டிலை மூலையில் போட்டோம். மேனேஜருக்கும் ஆர்ட் அசிஸ்டெண்டுக்கும் அண்ணனுக்கும் தவிர வேறு யாருக்கும் தெரியாது. அண்ணன் அந்த அம்மா கட்டிலருகே போய், சுவரைப் பார்த்து, ஜன்னலைப் பார்த்து, பெட்ரோமாக்ஸ் வைக்கிற இடத்தில் கொஞ்ச நேரம் நின்றுவிட்டு வந்தார்.

"சாமி, என் மூஞ்சி விழுமா படத்துல?" என்று அந்த அம்மா என்னைக் கேட்டாள்.

"விழாதும்மா."

"அப்ப நான் தூங்கலாமா?"

"தூங்குங்க."

ரோலிங். நிலாக்கள் எரிந்தன. பையன் ஐபேடைத் தடவினான், சுடர் நடுங்கியது. பெண் கடிதத்தைப் பிரித்தாள். மூன்றாவது டேக்கின் நடுவில், லைவ் சவுண்ட் பார்க்கிற தம்பி கையைத் தூக்கினான். ஹெட்போனை ஒரு காதிலிருந்து விலக்கி, "சார், யாரோ குறட்டை விடறாங்க" என்றான்.

மானிட்டர் முன்னால் உட்கார்ந்திருந்த பதினான்கு பேரும் முன்னே குனிந்து, அந்த இருட்டுக்குள் உற்றுப் பார்த்தார்கள்.